கருணாவுக்கு எத்தனை 'ஏ'?

மாம்பலம் அயோத்யா மண்டபத்தைச் சுற்றியுள்ள தெருக்களில், குழந்தைக்குப் பெயர் வைக்கும் எந்த வீட்டுப் புண்யாகவாசனத்துக்குப் போனாலும் ஒன்றைக் கவனிக்கலாம். "பேர் சொல்லுங்கோ" என்று வாத்தியார் கேட்டதும், குழந்தையின் அப்பா செல்போனைப் பார்க்கிறார். அதில் பெயர்களின் பட்டியல் இருக்கும். ஒவ்வொரு பெயருக்கும் எதிரே எண் கணிதப்படி ஒரு கூட்டுத்தொகை இருக்கும். சமீபத்தில் எங்கள் குடியிருப்பில் ஒரு பெண் குழந்தைக்குக் கருணா என்று முடிவு செய்திருந்தார்கள். நல்ல பெயர். விசேஷத்தன்று காலையில் குழந்தையின் அப்பாவான பையன் மாடிப்படியில் என்னை நிறுத்தி, "மாமா, கூட்டினா எட்டு வரதாம். கடைசியில இன்னொரு ஏ போட்டா சரியாயிடுமாம்" என்றான். அவன் மாமனார் விடாப்பிடியாக இருக்கிறாராம். எட்டு சனியின் எண். ஆகவே கருணைக்கும் ஆகாது.

தாத்தா பெயர், குலதெய்வத்தின் பெயர், நட்சத்திர எழுத்து எல்லாம் அவரவர் வீட்டு வழக்கம். அவற்றைப் பற்றி நான் சொல்ல ஒன்றுமில்லை. ஒரு நற்குணத்தையே பெயராக வைக்க நினைக்கிறவர்களுக்கு மட்டும் இது.

வடமொழிப் பக்கம் போனால் சத்யா, சாந்தி, சுசீலா, சுகுணா, க்ஷமா, வினய் என்று நிறையக் கிடைக்கும். இவற்றில் பாதி ஒரு தலைமுறையின் முத்திரையோடு வருகின்றன. சாந்தி என்றாலே ஐம்பது வயதைத் தாண்டிய ஓர் அம்மாள் கண்முன் வருகிறாள். அது குறையில்லை, பழைய பெயர்கள் திரும்பி வருவதை நான் வரவேற்கிறேன். குறிப்பாக அனசூயா. அத்திரி முனிவரின் மனைவி பெயர். பொறாமை இல்லாதவள் என்று பொருள். அடுத்த பிளாட்டுக் குழந்தையின் மார்க்கைக் கேட்டுக்கொண்டே சாப்பாடு போடும் வீடுகளுக்கு இதைவிடப் பொருத்தமான பெயர் எனக்குத் தெரியவில்லை.

தமிழில் அன்பு, அருள், அறிவு, வாய்மை, இவற்றோடு அரசி, செல்வன், அழகன் சேர்ந்த நீளப் பெயர்கள். ராமையாவாக இருந்தவர் க. அன்பழகன் ஆனதும், வேதாசலம் மறைமலையடிகள் ஆனதும் ஒரு காலத்தின் தனித்தமிழ்க் கொள்கை. இன்றைக்கு அன்பு என்று வைக்க எந்தக் கட்சியிலும் சேர வேண்டாம். நெல்லைச் சீமைக் கிறிஸ்தவக் குடும்பங்களில் சமாதானம், கிருபை, விசுவாசம் என்று கூச்சமில்லாமல் வைக்கிறார்கள். முஸ்லிம் வீடுகளில் சாதிக் என்றால் உண்மையாளன், அமீன் என்றால் நம்பிக்கைக்குரியவன், சாபிரா என்றால் பொறுமைசாலி. மாம்பலத்துக்காரர்கள்தான் குணத்தைச் சொல்ல அரை மனதோடு நிற்கிறோம்.

விஜய், ஜெயா வகையை இந்தக் கணக்கில் சேர்க்காதீர்கள். வெற்றி ஒரு குணமில்லை. வந்தால் வரும், போனால் போகும்.

இன்னொன்றும் கண்ணில் பட்டது. நம் வழக்கத்தில் பொறுமையும் அடக்கமும் பெண்ணுக்கு, உண்மையும் தைரியமும் பையனுக்கு என்று யாரோ பாகம் பிரித்துவிட்டார்கள். பெண்ணுக்கு சாந்தி, சுசீலா. பையனுக்கு சத்தியமூர்த்தி, தர்மராஜன், தீரன். இந்தப் பாகப்பிரிவினை பிடிக்காதவர்களுக்கு சத்யா, கருணா, அன்பு, அருள், அறிவு எல்லாம் இருபாலருக்கும் பொது. நான் இவற்றின் பக்கம்தான். பள்ளிக்கூடத்தில் தமிழ் வாத்தியாராக இருந்து தினமும் காலையில் வருகைப் பதிவேடு வாசித்தவனுக்கு இரண்டு, மூன்று எழுத்துப் பெயர்கள்மேல் ஒரு பாசம் வந்துவிடும். பாரபட்சம்தான், ஒப்புக்கொள்கிறேன்.

இனி எண் கணிதம். இதற்குத்தான் இத்தனை பீடிகை.

அந்தக் கணக்கு நடப்பது ஆங்கில எழுத்தில். ஏ, ஐ, ஒய் மூன்றுக்கும் 1, கே, ஆர் இரண்டுக்கும் 2, என்னுக்கு 5, யுவுக்கு 6. கருணாவைக் கூட்டினால் 17, அதாவது 8. இந்த அட்டவணையை உலகம் முழுக்கப் பிரபலமாக்கியவர்களில் முக்கியமானவர் கீரோ (1866–1936) என்ற அயர்லாந்துக்காரர். சித்தர்களுக்கும் நம் பஞ்சாங்கத்துக்கும் இதில் பங்கில்லை. பாட்டியின் விருப்பத்தைக் கேட்டு, தமிழில் பொருள் பார்த்துப் பொறுக்கிய பெயரை, தமிழே தெரியாத ஒரு பட்டியலிடம் கொடுத்து மார்க் போடச் சொல்கிறோம். நம்பிக்கை உள்ளவர்களுக்கு அவர்கள் வழியிலேயே ஒரு வார்த்தை: கருணா என்பதற்குப் பதில் நல்ல தமிழில் கருணை என்று வைத்தால், கடைசியில் ஓர் ஐ தானாகவே சேர்ந்து 18, அதாவது 9 ஆகிவிடுகிறது. சனியும் விலகினார், ஒட்டுப்போட்ட ஏ-யும் தேவைப்படவில்லை.

அந்தக் கூடுதல் ஏ என்ன செய்யும் என்று ஜோசியர் சொல்வதில்லை, நான் சொல்கிறேன். 2023 அக்டோபர் 1-லிருந்து திருத்தப்பட்ட பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டம் நடைமுறைக்கு வந்திருக்கிறது. அதற்குப் பிறகு பிறந்த குழந்தைக்குப் பள்ளிச் சேர்க்கை, ஓட்டுநர் உரிமம், வாக்காளர் பட்டியல், திருமணப் பதிவு எல்லாவற்றிலும் பிறப்புச் சான்றிதழே பிறந்த தேதிக்கும் இடத்துக்கும் ஆதாரம். அதில் இரண்டு ஏ, பள்ளியில் வழக்கம்போல் ஒரு ஏ, பாஸ்போர்ட்டில் யாரோ சேர்த்த ஹெச் என்று ஆனால், அந்தக் குழந்தை இருபது வயதில் நோட்டரி வாசலில் நின்று மூவரும் ஒருவரே என்று பிரமாணம் செய்யும். பதிந்த பெயரை ஆசைக்கு மாற்றவும் முடியாது. எழுத்துப் பிழை என்று நிரூபித்தால் திருத்துவார்கள், மற்றபடி அரசிதழில் விளம்பரம் கொடுக்க வேண்டும். தமிழ்ப் பெயருக்குச் சரியான ஆங்கில எழுத்து எது என்று அரசாங்கத்துக்கே பிடிபடவில்லை. 2020 ஜூனில் 1,018 ஊர்களின் ஆங்கில எழுத்தை மாற்றி ஆணை வெளியிட்டு, சில நாளிலேயே திரும்பப் பெற்றார்கள். நீங்கள் ஏன் வலியப் போய் ஒரு எழுத்தைக் கூட்ட வேண்டும்?

குணப் பெயர்களுக்கு உள்ள நிஜமான ஆபத்து வேறு. திட்டுகிறவனுக்கு அவை வசதி. "பேரு மட்டும் சத்யா, வாயைத் திறந்தா பொய்" என்று ஓர் ஆசிரியர் சொன்னால் வகுப்பே சிரிக்கும். நானும் என் சக ஆசிரியர்களும் இதைச் செய்யாமல் இருந்ததில்லை. ஆகவே ஒரே நடத்தையைக் குறிவைக்கும் பெயரைவிட, அகலமான பொருளுள்ள பெயர் நல்லது. அன்பு என்ற பையன் சண்டை போட்டாலும் அன்புதான். பொறுமை என்ற பெண் ஒரு கதவைக்கூடப் படாரென்று சாத்திவிட முடியாது.

பெயர் குணத்தைக் கொண்டுவராது. சத்யா என்று கூப்பிட்டுவிட்டு, போனில் "அப்பா இல்லைன்னு சொல்லு" என்று அந்தக் குழந்தையையே சொல்லச் சொல்லும் வீட்டில் பெயர் மட்டும் என்ன செய்யும்? உங்கள் வீட்டில் எந்தக் குணத்துக்குப் பழக்கம் இருக்கிறதோ அதை வையுங்கள். இல்லாததை வைத்தால் சுமக்கப்போவது குழந்தை. அப்பா அம்மாவுக்கு வாய்க்காத பொறுமையைப் பத்து நாள் குழந்தைமேல் ஏற்றாதீர்கள். முகம் பாருங்கள், அழுகையைக் கேளுங்கள், பாப்பா, குட்டி என்று கொஞ்ச காலம் கூப்பிடுங்கள்.

அவசரப்படுத்தும் மாமனார்களுக்கு ஒரு தகவல். ஆஸ்பத்திரியிலிருந்து பிறப்புத் தகவல் 21 நாளுக்குள் மாநகராட்சிக்குப் போக வேண்டும்; பெயர் இல்லாமலே பதியலாம். பெயரைச் சேர்க்க 12 மாதம்வரை கட்டணமில்லை, அதன்பிறகும் 15 வருஷம்வரை தாமதக் கட்டணம் கட்டிச் சேர்க்கலாம். பதினோராம் நாள் புண்யாகவாசனத்தில் தட்டில் அரிசி பரப்பிப் பெயர் எழுதுவதில் ஆங்கில எழுத்துக்கு வேலையே இல்லை. அதை முடிவு செய்ய இன்னும் பதினோரு மாதத்துக்கு மேல் இருக்கிறது.