ஒரே ஓர் அடியில் போன பதக்கம்



இந்த மாதப் பாடத்தில் ஒரு விளையாட்டு வீராங்கனையைப் பற்றித் தெரிந்துகொள்வோம். பெயர் அதிதி அசோக். ஊர் பெங்களூரு. ஆட்டம் கோல்ஃப். “பணக்காரங்க ஆடுற ஆட்டமாச்சே, நம்ம செண்பகத்தோப்புக்கும் அதுக்கும் என்ன சம்பந்தம்?” என்று கேட்பீர்கள். கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள். சம்பந்தம் இருக்கிறது.

கோல்ஃப் என்றால் என்ன?

நம் பிள்ளைகள் தோப்பில் குழி தோண்டி கோலிக்குண்டு உருட்டுகிறார்களே, ஏறக்குறைய அதுதான். ஒரு சின்னப் பந்து. அதை நீளமான மட்டையால் அடித்துக் குழியில் விழ வைக்க வேண்டும். குழியின் அகலம் சுமார் 11 சென்டிமீட்டர்தான். ஆனால் அது முந்நூறு, நானூறு மீட்டர் தள்ளிக்கூட இருக்கும். மொத்தம் 18 குழிகள். பெரிய போட்டி என்றால் நாலு நாள் நடக்கும். குறைந்த அடிகளில் முடிப்பவர் ஜெயித்தவர். இருநூறு மீட்டர் பறக்க விட்டாலும் ஓர் அடி. அரை அடி தூரம் உருட்டினாலும் ஓர் அடி. இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

இந்த ஆட்டம் வளர்ந்தது ஸ்காட்லாந்து நாட்டில். அங்கே செயின்ட் ஆண்ட்ரூஸ் என்ற ஊரில் 1754-ல் தொடங்கிய புகழ்பெற்ற சங்கம் ஒன்று உண்டு. அந்தச் சங்கம் பெண்களை உறுப்பினராகச் சேர்க்க முடிவு செய்தது எப்போது தெரியுமா? 2014-ல்! 260 வருஷம் ஆகியிருக்கிறது. “பொம்பளைக்கு எதுக்கு இதெல்லாம்?” என்ற பேச்சு நம்ம ஊரில் மட்டும் இல்லை சகோதரிகளே.

அதிதியின் பாதை

அதிதி பிறந்தது 1998-ல். ஐந்து வயதில் மட்டையைக் கையில் எடுத்தார். அவர் வீட்டில் அதற்கு முன் யாரும் கோல்ஃப் ஆடியதில்லை. பிள்ளை ஆசைப்பட்டதால் பெற்றோரும் சேர்ந்து கற்றுக்கொண்டார்கள். பரிசுப் பணம் வாங்காத அமெச்சூர் வீராங்கனையாகப் பல வருஷம் ஆடினார். 2014-ல் இளையோர் ஒலிம்பிக், ஆசிய விளையாட்டு இரண்டிலும் இந்தியாவுக்காக ஆடினார். 2016-ல் தொழில்முறை ஆட்டக்காரர் ஆனார். அதே வருஷம் ரியோ ஒலிம்பிக்கில் ஆடியபோது அவருக்கு வயது 18. ஒலிம்பிக்கில் கோல்ஃப் ஆடிய முதல் இந்தியப் பெண் அவர்தான். அங்கே பதக்கம் இல்லை. ஆனால் நவம்பரில் இந்திய ஓபன் போட்டியில் ஜெயித்தார்.

அடுத்தது டோக்கியோ ஒலிம்பிக், 2021 ஆகஸ்ட். அப்போது உலகத் தரவரிசையில் அவர் இடம் 200. அதற்குச் சில மாதம் முன்பு கொரோனா வந்து உடம்பு தளர்ந்திருந்தது. மற்றவர்கள் அளவுக்குத் தூரமாக அடிக்க முடியவில்லை. அதனால் என்ன? குழிக்குப் பக்கத்தில் பந்தை உருட்டும் நிதானம் அவர் கையில் இருந்தது. நாலு நாளில் 269 அடிகள். வெள்ளியும் வெண்கலமும் வாங்கியவர்கள் 268 அடிகள். ஒரே ஓர் அடியில் பதக்கம் போய் நாலாம் இடம் வந்தது. பெரிதாக அடிப்பதால் மட்டும் கணக்கு முடிவதில்லை. சின்ன அடி ஒவ்வொன்றும் சேர்ந்துதான் கணக்கு. வாரச் சந்தா கட்டும் நமக்கு இதை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை!

பையைத் தூக்கியது யார்?

கோல்ஃப் ஆடுபவரோடு மட்டைப் பையைத் தூக்கிக்கொண்டு ஒருவர் நடப்பார். அவரை ‘கேடி’ என்பார்கள். (நம்ம ஊர் கேடி இல்லை!) டோக்கியோவில் நாலு நாளும் அதிதியின் பையைத் தூக்கி நடந்தவர் அவருடைய அம்மா. ரியோவில் தூக்கியவர் அப்பா. மைதானத்தில் அடித்தது மகள். ஆனால் சுமையில் ஒரு பங்கு பெற்றோர் தோளில் இருந்தது.

2023-ல் நடந்த ஆசிய விளையாட்டில் கடைசி நாள் வரை முதலிடம் அதிதிக்குத்தான். அன்று ஆட்டம் சறுக்கியது. தங்கம் நழுவி வெள்ளி கிடைத்தது. ஆசிய விளையாட்டு கோல்ஃபில் பதக்கம் வாங்கிய முதல் இந்தியப் பெண்ணும் அவர்தான். அடுத்த வருஷமே பாரிஸில் மூன்றாவது ஒலிம்பிக்கும் ஆடிவிட்டார்.

நோட்டுப் புத்தகப் பாடம்

இந்த ஆட்டத்தில் கணக்கு எழுதும் முறை நம் குழுவைப் போன்றது. ஒருவர் கணக்கை உடன் ஆடுபவர் எழுதுவார். முடிந்ததும் இருவரும் சரிபார்த்துக் கையெழுத்துப் போட வேண்டும். விதியை மீறினால், யாரும் பார்க்காவிட்டாலும், தானே சொல்லித் தண்டனை அடியைக் கூட்டிக்கொள்ள வேண்டும். அடியைக் குறைத்துக் காட்டிக் கையெழுத்துப் போட்டால் போட்டியை விட்டே நீக்கிவிடுவார்கள். ரொக்கப் புத்தகத்தில் படித்துப் பார்க்காமல் கையெழுத்துப் போடும் சகோதரிகள் இதை யோசிக்க வேண்டும்.

நம் பெண்பிள்ளைகள்

கோல்ஃப் செலவு பிடிக்கும் ஆட்டம். நம் அடிவாரத்துப் பிள்ளைகள் நாளைக்கே அதை ஆடப்போவதில்லை. ஆனால் ஓட்டம், கபடி, கைப்பந்து நம் பள்ளிகளிலேயே இருக்கிறது. பிள்ளை நன்றாக ஆடும். சடங்கானதும், “போதும், வீட்டுல இரு” என்று நாமே நிறுத்திவிடுகிறோம். அங்கேதான் நம் வீட்டுப் பதக்கம் போகிறது.

தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையம் மாணவிகளுக்கு விளையாட்டு விடுதிகள் நடத்துகிறது. தங்குமிடம், சாப்பாடு, பயிற்சி எல்லாம் உண்டு. தேர்வுப் போட்டி வைத்துச் சேர்ப்பார்கள். சாதித்தவர்களுக்கு அரசு வேலையில் 3 சதவீத ஒதுக்கீடும் இருக்கிறது. விவரத்தைப் பள்ளி உடற்கல்வி ஆசிரியரிடமோ, விருதுநகர் மாவட்ட விளையாட்டு அலுவலகத்திலோ கேளுங்கள்.

குழுக் கூட்டத்தில் பேச:

1. நம் குழு வீடுகளில் விளையாட்டில் ஆர்வமுள்ள பெண்பிள்ளைகள் யார் யார்?
2. விளையாட்டை நிறுத்திய பிள்ளை உண்டா? நிறுத்தச் சொன்னது யார்? ஏன்?
3. ஷூ வாங்க, போட்டிக்குப் போய்வர உள்கடன் கொடுக்கலாமா? போட்டிக்குத் துணையாகப் போகும் சகோதரி யார்?

பேசியதைத் தீர்மானப் புத்தகத்தில் எழுதி, அடுத்த கூட்டமைப்புக் கூட்டத்துக்குக் கொண்டு வாருங்கள். எந்தப் பிள்ளையின் பையை யார் தூக்குவது என்று சேர்ந்தே முடிவு செய்வோம்.