பெயரும் பதிவேடும்

வட சென்னையில் ஆசிரியப் பணி புரிந்த நாளில், ஆண்டுதோறும் ஜூன் மாதத்தில் புதிய வருகைப் பதிவேட்டில் பெயர்களை எழுதுவது நமக்கு விருப்பமான வேலையாக இருந்தது. நாற்பது பெயர்களை வரிசையாகப் படித்தால் நாலைந்து மொழிகளின் வரலாற்றைப் படித்ததாகும்.

இராயபுரம் என்னும் பெயரே ஓர் ஆள்பெயரிலிருந்து பிறந்தது. இயேசுவின் சீடரான பேதுருவைத் தமிழ்க் கத்தோலிக்கர் இராயப்பர் என்பர். அவர் பெயரால் படகோட்டும் மக்கள் எழுப்பிய தேவாலயம் இன்றும் அங்கே உள்ளது. அங்குள்ள கிறித்தவப் பிள்ளைகளின் பெயர்கள் சில, ஒலியை விட்டுப் பொருளைக் கைக்கொண்டவை. பவுல் என்பது இலத்தீனில் சிறியவர் எனப் பொருள்படும். தமிழில் அவர் சின்னப்பர். யோவான் என்பது எபிரேய மொழியில் இறைவன் அருளினான் என்பதாம், தமிழில் அருளப்பர். லாசர் என்பதன் பொருள் இறைவனின் உதவி. 1745இல் திருமுழுக்குப் பெற்ற நீலகண்ட பிள்ளை அதனாலேயே தேவசகாயம் ஆனார். இவர் 2022இல் புனிதராக அறிவிக்கப்பட்டார். பெயரை மொழிபெயர்த்தோர் அதன் உயிரைக் காத்தனர் என்றே நாம் கருதுகிறோம்.

திருவொற்றியூர்ப் பிள்ளைகளிடையே தியாகராசனும் வடிவுக்கரசியும் மிகுதி; காரணம் அவ்வூர்க் கோயிலைக் கண்டவர்க்கு விளங்கும். இராயபுரத்தில் 1910 முதல் அக்கினிக் கோயில் உடைய பார்சி மக்களோ செய்தொழிலோடு ‘வாலா’ சேர்த்துக் குடும்பப் பெயராக்கிக் கொள்வர்.

இசுலாமியப் பிள்ளை ஒருவனை ‘அப்துல்’ என்று மட்டும் அழைப்பது நம் பள்ளிகளில் வழக்கம். அப்துல் ரகுமான் என்றால் அளவற்ற அருளாளனின் அடியான். அப்துல் என்று நிறுத்தினால் யாருக்கு அடியான் என்பது தொங்கி நிற்கும். இதனை ஒரு மாணவனின் தந்தையார் சொல்லித்தான் நாம் அறிந்தோம்.

நம் மரபிற்கு வருவோம். 9ஆம் நூற்றாண்டில் ஜினசேனாசாரியார் அருளிய ஆதிபுராணம், நாமகர்மக் கிரியையில் ஜினபகவானின் 1008 திருநாமங்களிலிருந்து குழந்தைக்குப் பெயர் தேர்ந்திடலாம் என்கிறது. நம் இல்லங்களில் வர்த்தமானன், மல்லிநாதன், தரணேந்திரன், பத்மாவதி எனப் பெயர்கள் வழங்குகின்றன. திருநறுங்கொண்டைப் பார்சுவநாதரை நினைந்து அப்பாண்டைநாதன் என்றும் இடுவர். நயினார் என்பது தலைவர் எனப் பொருள்படும் மதிப்புச் சொல். வட சென்னைத் தெருவில் தந்தையை அழைக்கும் ‘நைனா’ தெலுங்கு வழி வந்தது. இரண்டையும் ஒன்றென்று கொள்ள அவசரப்பட வேண்டா.

இனி நம் பிழையைச் சொல்ல வேண்டும். வந்தவாசிப் பக்கத்திலிருந்து எண்ணூர்த் தொழிற்சாலை வேலைக்கு வந்த நம் சமூகத்தவர் ஒருவர், மகளை முதல் வகுப்பில் சேர்க்க வந்தார். பெயர் ஜ்வாலாமாலினி. எட்டாம் தீர்த்தங்கரர் சந்திரப்பிரபரின் யக்ஷி பெயர். தழலையே மாலையாக அணிந்தவள் என்பது பொருள். நிலவொளி போன்ற பகவானுக்குத் தழல்மாலை சூடிய காவல் தேவி! இத்தனையும் அறிந்திருந்தும் பிள்ளைகள் ‘வாலு, வாலு’ என்று கேலி செய்வரே என்று அஞ்சி, ‘மாலினி’ என்று எழுதிவிட்டோம். தந்தையார் தயங்கினார், ஆசிரியை சொல்லுக்கு மறுமொழி சொல்லவில்லை. தழல் போயிற்று, வெறும் மாலை எஞ்சியது.

பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து அப்பெண் நம் வீட்டுக்கு வந்தாள். பிறப்புச் சான்றில் ஒரு பெயர், மதிப்பெண் சான்றில் வேறு பெயர். “டீச்சர், வீட்டில் என்னை யாரும் மாலினி என்று கூப்பிட்டதே இல்லை” என்றாள். அரசிதழில் அறிவிக்கை வெளியிட்டு முழுப்பெயரைப் பெற அவளுக்குப் பல மாதங்களும், அவள் தந்தையாருக்குச் சில நாள் கூலியும் செலவாயின.

ஆகவே பெற்றோர்க்கு ஒரு வேண்டுகோள். குழந்தையின் பிறப்பைப் பெயரின்றிப் பதிந்திருந்தால், பன்னிரண்டு மாதங்களுக்குள் கட்டணமின்றியும், அதன்பின் பதினைந்து ஆண்டுகள் வரை தாமதக் கட்டணம் செலுத்தியும் பெயரைச் சேர்க்கலாம். பள்ளியில் சேர்க்கும் நாளில் முழுப்பெயரைத் தமிழிலும் ஆங்கிலத்திலும் தாளில் எழுதிக் கொண்டு செல்லுங்கள். எழுதியதைத் திரும்பப் படித்துக் காட்டச் சொல்லுங்கள். எதிரில் அமர்ந்திருப்பவர் நம்மைப் போன்ற ஆசிரியையாயினும் கேளுங்கள்.