புறக்கணிப்புச் செய்தியின் தொடரமைப்பும் அரசியல் நடத்தையும்: கொல்லிமலை நாடுகளை முன்வைத்து

முன்னுரை

நாமக்கல் மாவட்டம் கொல்லிமலை ஒன்றியத்தின் 14 ஊராட்சிகளும் ‘நாடு’ என முடியும் பெயருடையன. பெரக்கரை நாடு அவற்றுள் ஒன்று. இங்கு வாழ்வோருள் பெரும்பான்மையர் மலையாளிப் பழங்குடியினர். இம்மலை, பழங்குடியினருக்கென ஒதுக்கப்பட்ட சேந்தமங்கலம் சட்டமன்றத் தொகுதியில் அடங்கும். ஆகாய கங்கை அருவியின் நீர்வரத்து, ஆடி மாத வல்வில் ஓரி விழா, சுற்றுலாப் பயணிகளின் வருகை ஆகியன கொல்லிமலை குறித்து நாளிதழ்களில் அடிக்கடி இடம்பெறும் செய்திகள். இவற்றில் மலை காட்சிப்பொருளாகிறது. மலையில் வாழ்வோர் பின்னணியாகின்றனர். பொதுவாகத் தமிழக மலையூர்களின் மக்கள் செய்தியின் எழுவாயாக அமையும் தருணங்களுள் முதன்மையானது, சாலை முதலிய வசதிகள் கோரித் தேர்தலைப் புறக்கணிப்பதாக அறிவிக்கும் தருணம். அச்செய்தியின் மொழி அரசியல் நடத்தையை எவ்வாறு வடிவமைக்கிறது என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது.

கோட்பாட்டுப் பின்புலம்

மனிதர் உலகை நேரடியாக அன்றி, மனத்தில் பதிந்த படிமங்களின் வழியே அறிந்து செயல்படுகின்றனர் என வால்டர் லிப்மன் 1922இல் விளக்கினார். மெக்கோம்ப்ஸ், ஷா ஆகியோர் 1968ஆம் ஆண்டு அமெரிக்க அதிபர் தேர்தலை ஒட்டிச் சேப்பல் ஹில் நகரில் நிகழ்த்திய ஆய்வு 1972இல் வெளிவந்தது. ஊடகம் முதன்மை தரும் சிக்கல்களையே வாக்காளரும் முதன்மையாகக் கருதுகின்றனர் என்பது அதன் முடிவு. இவ்விரு கருத்துகளும் செய்தியைப் பெறுவோரை மையமிட்டவை. செய்திக்குப் பொருளாவோர், எது செய்தியாகும் என்பதை அறிந்து தம் செயலை அதற்கேற்ப அமைத்துக்கொள்வதையும் இணைத்து நோக்குதல் வேண்டும்.

தொடரமைப்பு

இத்தகைய செய்திகளின் பொது வடிவத்தைப் பின்வருமாறு அமைத்துக் காட்டலாம்:

‘சாலை வசதி கோரி மலைக்கிராம மக்கள் தேர்தல் புறக்கணிப்பு. அதிகாரிகள் பேச்சுவார்த்தை நடத்தினர். விரைவில் நடவடிக்கை எடுக்கப்படும் என உறுதியளித்ததையடுத்து மக்கள் கலைந்து சென்றனர்.’

முதலாவதாக, ‘புறக்கணிப்பு’ என்னும் தொழிற்பெயர் காலம் காட்டாது. ஆகவே, மக்கள் எத்தனை ஆண்டுகளாக மனு அளித்து வந்தனர் என்னும் முன்வரலாறு தலைப்பில் இடம்பெறுவதில்லை. கோரிக்கை திடீரென எழுந்ததுபோல் தோன்றுகிறது. இரண்டாவதாக, ‘எடுக்கப்படும்’ என்னும் செயப்பாட்டு வினைக்குக் கருத்தா இல்லை. எந்தத் துறை, எந்த நாளுக்குள் என்பன கூறப்படாமையால் வாக்குறுதிக்குப் பொறுப்பாளர் இல்லாது போகிறார். மூன்றாவதாக, ‘கலைந்து சென்றனர்’ என்னும் இறந்தகால வினைமுற்று, தீராத சிக்கலைத் தீர்ந்ததாக முடித்துவைக்கிறது. சாலை அமைந்ததா என்பதன்று, கூட்டம் கலைந்ததா என்பதே செய்தியின் முடிவாகிறது.

வட்டாரப் பக்கமும் அதன் எல்லையும்

சி.பா. ஆதித்தனார் 1942இல் மதுரையில் தொடங்கிய ‘தினத்தந்தி’ எளிய தமிழால் நாளிதழ் வாசிப்பை உழைக்கும் மக்களிடம் கொண்டுசென்றது. பின்னர் நாளிதழ்களின் பதிப்புகள் பெருகி, மாவட்டச் செய்திகளுக்குத் தனிப் பக்கங்கள் உருவாயின. சிற்றூர்களின் பெயர்கள் அச்சேறியது இவ்வளர்ச்சியின் பயன். ஆயின், சேலம் பதிப்பின் நாமக்கல் பக்கத்தில் வரும் செய்தியைச் சென்னை வாசகர் தம் பதிப்பில் காண்பதில்லை. அதனை உடனே கவனிப்பது மாவட்ட நிர்வாகம். எனவே, மாநில அளவில் பொதுக்கருத்தை உருவாக்குவதினும், அதிகாரிகளை ஊருக்கு வரவழைப்பதே அச்செய்தியின் பயனாக அமைகிறது.

2024 மக்களவைத் தேர்தலில் காஞ்சிபுரம் மாவட்டம் ஏகனாபுரம் மக்கள், பரந்தூர் விமான நிலையத் திட்டத்தை எதிர்த்து வாக்களிக்க மறுத்தனர். திட்டம் மாநிலச் செய்தியாக இருந்தமையால் புறக்கணிப்பும் மாநிலச் செய்தியாயிற்று. மலையூர்ச் சாலைக்கு அத்தகைய பின்புலம் இல்லை.

நோட்டாவும் புறக்கணிப்பும்

உச்ச நீதிமன்றத் தீர்ப்பின்படி 2013இல் ‘நோட்டா’ நடைமுறைக்கு வந்தது. எதிர்ப்பைத் தெரிவிக்க அவ்வழி இருந்தும் ஊர்கள் புறக்கணிப்பை நாடுவதன் காரணம் செய்தியின் இயல்பிலேயே உள்ளது. நோட்டா ஓர் எண். அதனுள் கோரிக்கையும் ஊர்ப்பெயரும் இல்லை. புறக்கணிப்பு அறிவிப்போ, கறுப்புக்கொடி, ஊர்ப்பெயர், கோரிக்கை ஆகிய மூன்றையும் ஒரு செய்திக்குள் கொணர்கிறது. எனவே, இதனை அரசியல் அறியாமை எனக் கொள்வது பொருந்தாது. செய்தியின் இலக்கணத்தை அறிந்தோரின் செயல் எனக் கொள்வதே தகும். எனினும், தம் குரல் கேட்கப்பட வாக்குரிமையையே ஈடாக வைக்கும் நிலை மக்களாட்சிக்கு இழப்பாகும்.

முடிவுரை

செய்தி, மக்களின் கருத்தை மட்டுமன்றிக் கோரிக்கையை வெளியிடும் முறையையும் வடிவமைக்கிறது. வாக்குறுதி அளித்த துறை, காலக்கெடு, முந்தைய மனுக்களின் நாள்கள் ஆகியவற்றைப் பதிவு செய்து, தேர்தலுக்குப் பின்னும் செய்தியாளர் அவ்வூருக்குச் செல்வாராயின், புறக்கணிப்பு இன்றியே பெரக்கரை நாடு போன்ற ஊராட்சிகளின் தேவை செய்தியாக இயலும். மாவட்டப் பக்கங்களைத் தொகுத்து, ஒரே ஊர் அடுத்தடுத்த தேர்தல்களில் எவ்வாறு எழுதப்படுகிறது என ஒப்பிடுவது தமிழாய்வுக்குரிய களமாகும். ‘கலைந்து சென்றனர்’ என்னும் முடிவுக்குப் பின் நிகழ்ந்தவற்றை அவ்வொப்பீடு வெளிப்படுத்தும்.