பெயரின் பொருளைச் சரிபார்ப்பது எப்படி?

குழந்தைப் பெயர்ப் பட்டியல்களில் 'ஆரவ்' என்ற பெயருக்குப் பெரும்பாலும் 'அமைதியானவன்' என்று பொருள் போட்டிருக்கும். சமஸ்கிருதத்தில் 'ஆரவ' என்றால் கூச்சல், இரைச்சல். பத்துப் பட்டியல்கள் ஒரே பொருளைச் சொன்னாலும் அது பத்துச் சாட்சியாகாது. ஒன்றைப் பார்த்து மற்றொன்று எழுதியதாக இருக்கலாம். வார்த்தைக்கு வார்த்தை ஒரே வாக்கியம் வந்தால் சந்தேகப்படுங்கள்.

நட்சத்திரப்படி பெயர் வைப்பவர்களுக்கு இன்னும் கவனம் தேவை. 27 நட்சத்திரங்களுக்குப் பாதத்துக்கு ஒன்றாக 108 எழுத்துகள். திருவாதிரை மூன்றாம் பாதத்துக்கு 'ங'. அதில் பெயருக்கு எங்கே போவது? எழுத்து நெருக்கும் இடத்தில்தான் புனைந்த பெயர்களும் புனைந்த பொருள்களும் நுழைகின்றன.

பொருளைத் தேடுமுன், பெயர் எந்த மொழிச் சொல், எப்படி ஒலிக்க வேண்டும் என்பதை முடிவு செய்யுங்கள். 'தாரா' என்று எழுதினால் மூன்று சொற்கள் வந்து நிற்கும். 'தாலி'யின் த-வாக ஒலித்தால் சமஸ்கிருதத்தில் நட்சத்திரம்; 'தர்ம'த்தின் த-வாக ஒலித்தால் நீரின் ஒழுக்கு; தமிழில் தாரா என்பது வாத்து. 'பவன்' காற்றா வீடா என்பதும் முதலெழுத்தின் ஒலியைப் பொறுத்தது. அரபுப் பெயர்களிலும் இதே கதைதான்: ஹலீம் பொறுமையாளர், அலீம் நன்கறிந்தவர். அரபு எழுத்தில் எழுதிக் காட்டச் சொல்லி, அந்த மொழி தெரிந்தவரிடம் கேட்பதே நல்லது.

பிறகு அகராதி. தமிழ்ச் சொல்லென்றால் சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகன். 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வந்த இதைச் சிகாகோ பல்கலைக்கழகத்தின் இணையதளத்தில் இலவசமாகத் தேடலாம். சமஸ்கிருதத்துக்கு 1899-இல் வெளியான மோனியர் வில்லியம்ஸ் அகராதி, கொலோன் பல்கலைக்கழகத் தளத்தில் கிடைக்கிறது. முதல் பொருளோடு நிறுத்திவிடாதீர்கள். 'அரவம்' என்றால் ஒலி, பாம்பும்தான். சொல் எங்கிருந்து வந்தது என்பதையும் லெக்சிகன் பல இடங்களில் குறிக்கிறது. ஆனால் அந்த வேர்விளக்கங்களை எல்லோரும் ஏற்பதில்லை; தேவநேயப் பாவாணர் கடுமையாக மறுத்திருக்கிறார். பர்ரோ, எமனோ தொகுத்த திராவிடச் சொற்பிறப்பியல் அகராதியையும், பாவாணர் தொடங்கிவைத்த செந்தமிழ்ச் சொற்பிறப்பியல் பேரகரமுதலியையும் ஒப்பிட்டுப் பாருங்கள். அவை முரண்பட்டால், பொருளை மட்டும் உறுதியாக வைத்துக்கொண்டு வேரை அறிஞர்களின் விவாதத்துக்கு விட்டுவிடலாம்.

அகராதியில் முழுப்பெயர் இல்லையென்றால் பிரித்துத் தேடுங்கள். 'யாழினி'க்கு 'யாழ்' பாருங்கள். 'அன்ஷ்' என்று முடிகிற பெயர்களில் அந்த ஈறு 'அம்ச', அதாவது பங்கு. முன்பாதி என்ன சொல் என்று காட்ட முடியாவிட்டால் 'விஷ்ணுவின் அம்சம்' போன்ற விளக்கங்களை நம்ப வேண்டாம். புதிதாகக் கட்டிய பெயரில் குறையொன்றும் இல்லை. அதைப் பழைய பெயர் என்று சொல்வதுதான் தவறு.

'சங்க இலக்கியப் பெயர்' என்று யாராவது சொன்னால் எந்த நூல், எந்தப் பாட்டு என்று கேளுங்கள். சங்க நூல்களுக்குத் தொடரடைவுகள் இணையத்தில் உள்ளன. சொல்லைக் கொடுத்தால் வரும் இடங்களெல்லாம் கிடைக்கும். அங்கே அது ஒருவரின் பெயரா, வெறும் சொல்லா என்று பாருங்கள். மணிமேகலைக்கு முதலில் பிச்சையிட்ட ஆதிரை உண்மையான இலக்கியப் பெண்பெயர். ஆனால் அது காப்பியத்தில் வருவது. அந்தக் காப்பியம் சங்க நூல்களான எட்டுத்தொகையிலோ பத்துப்பாட்டிலோ சேர்ந்ததல்ல.

இதற்கெல்லாம் அவகாசம் உண்டு. இந்தியாவில் பிறப்பை 21 நாட்களுக்குள் பதிய வேண்டும். பெயரை 12 மாதங்கள் வரை கட்டணமின்றிச் சேர்க்கலாம். அதன் பிறகு தாமதக் கட்டணத்தோடு 15 ஆண்டுகள் வரை. பதியும்போது ஆங்கில எழுத்துக்கூட்டலையும் நீங்கள் உறுதிசெய்த ஒலிக்கு ஏற்றபடி எழுதிக் கொடுங்கள். அலுவலகத்தில் இருப்பவரின் ஊகத்துக்கு விடாதீர்கள்.