பவுலுஸ் சின்னப்பனான கதை

தாத்தாவின் பெயரைப் பேரனுக்கு இடுவது தமிழர் குடும்பங்களில் நெடுங்காலமாக இருந்துவரும் வழக்கம். 'பேரன்' என்ற சொல்லே 'பெயரன்' என்பதன் திரிபுதான். தாத்தாவின் பெயரைத் தாங்கி நிற்பவன் பெயரன். அந்தப் பெயர் வழக்கொழிந்து போனாலோ வேறு ஒலிக்கு மாறிவிட்டாலோ, பேரனுக்கே அது தன் தாத்தாவின் பெயர் என்று தெரியாமல் போகலாம்.

ஈப்போவில் வாழும் ஒரு கத்தோலிக்கக் குடும்பத்தை எடுத்துக்காட்டாகக் கொள்ளலாம். தாத்தா சுங்கை சிப்புட் வட்டாரத்து இரப்பர்த் தோட்டம் ஒன்றில் பால்மரம் சீவியவர். அவர் பெயர் சின்னப்பன். தோட்டம் துண்டாடப்பட்டு விற்கப்பட்டபோது குடும்பம் பட்டணத்துக்குக் குடிபெயர்ந்தது. இன்று இடைநிலைப்பள்ளியில் பயிலும் பேரனின் பிறப்புப் பத்திரத்தில் இருக்கும் பெயர் பால். பசும்பாலும் அல்ல, தாத்தா வாளியில் சேர்த்த இரப்பர்ப் பாலும் அல்ல. ஆங்கிலப் பெயரைத் தமிழில் எழுதும்போது அப்படி அமைந்துவிடுகிறது. தாத்தாவின் பெயரைத் தனக்கு வைக்காமல் விட்டுவிட்டார்களே என்று அவன் எண்ணக்கூடும். உண்மையில் அவன் பெயரும் தாத்தாவின் பெயரும் ஒன்றே. இரண்டுமே 'பவுலுஸ்' என்னும் இலத்தீன் பெயரிலிருந்து வந்தவை. ஒன்று ஒலி வழியாக வந்தது. மற்றொன்று பொருள் வழியாக வந்தது.

இலத்தீன் மொழியில் 'பவுலுஸ்' என்றால் சிறிய, சின்ன என்று பொருள். 'சிறிது சிறிதாக' என்பதைக் குறிக்கும் 'பவுலாத்திம்' என்ற சொல்லும், 'சில' என்று பொருள்படும் 'பவுக்குஸ்' என்ற சொல்லும் இதற்கு உறவானவை. பண்டைய உரோமையர் ஒருவருக்கு மூன்று பெயர்கள் வைத்திருந்தனர். அவற்றுள் மூன்றாவது பெரும்பாலும் ஆளின் உருவத்தையோ குணத்தையோ சுட்டும் பட்டப்பெயராகத் தொடங்கிப் பின்னர்க் குடும்பப் பெயராக நிலைத்துவிட்டது. ஒரே லயத்தில் இரண்டு முனியாண்டிகள் இருந்தால் ஒருவரைப் பெரிய முனியாண்டி என்றும் மற்றவரைச் சின்ன முனியாண்டி என்றும் அழைத்த தோட்டத்து வழக்கத்தை அறிந்தவர்களுக்கு இது வியப்பாக இராது. உரோமையில் எமிலியுஸ் குலத்தின் ஒரு கிளையினர் பவுலுஸ் என்று பெயர் பெற்றனர். அவர்களுள் ஒருவர் கி.மு. 216இல் கன்னே போர்க்களத்தில் ஹன்னிபாலை எதிர்த்துப் போரிட்டு மாண்டார். அவர் மகன் கி.மு. 168இல் மாசிடோனிய அரசை வென்றார். 'சின்னவர்' என்ற பெயரைத் தாங்கியவர்கள் பெரிய படைத்தலைவர்களாய் விளங்கினார்கள்.

இந்தப் பெயரை உலகெங்கும் பரப்பியவர் படைத்தலைவர் அல்லர். இன்றைய துருக்கியிலுள்ள தர்சு நகரில் பிறந்த ஒரு யூதர் அவர். எபிரேய மொழியில் அவர் பெயர் சவுல். உரோமைக் குடியுரிமை பெற்றவராதலால் அவருக்கு உரோமைப் பெயரும் இருந்தது. மனமாற்றம் அடைந்த நாளில் சவுல் பவுலாகப் பெயர் மாறினார் என்று பலர் கருதுவர். ஆனால் விவிலியத்தின் திருத்தூதர் பணிகள் நூல் அப்படிக் கூறவில்லை. மனமாற்றத்துக்குப் பின்னும் நெடுநாள் அவரைச் சவுல் என்றே குறிப்பிட்டு, சைப்பிரசுத் தீவில் அவர் பணியாற்றிய இடத்தில்தான் 'பவுல் என்னும் சவுல்' என்ற பொருளில் இரண்டையும் சேர்த்துச் சொல்கிறது. அத்தீவை ஆண்ட உரோமை அதிகாரியின் பெயரும் பவுலுஸ்தான். வீட்டில் ஒரு பெயர், வெளியில் ஒரு பெயர் என்று வாழ்வது அக்காலத்து யூதர்களுக்கு இயல்பாக இருந்தது.

அவர் தம் மடல் ஒன்றில் தம்மைத் திருத்தூதர்களுள் கடையவர் என்று எழுதினார். கி.பி. 4, 5ஆம் நூற்றாண்டுகளில் வாழ்ந்த அகுஸ்தீன் போன்ற இலத்தீன் அறிஞர்கள் இதைப் பிடித்துக்கொண்டு, பவுலுஸ் என்றால் சிறியவர், தம்மைச் சிறியவராகக் கருதியவருக்கு ஏற்ற பெயர் என்று விளக்கினார்கள். இவ்வாறு அந்தப் பெயரின் பொருள் இலத்தீன் படித்த குருமார்களின் நினைவில் பல நூற்றாண்டுகள் மங்காமல் இருந்தது. தமிழில் அப்பெயர் அடைந்த உருவத்துக்கு இதுவே அடிப்படை.

பெரும்பாலான மொழிகள் பவுலுஸின் ஒலியை மட்டுமே எடுத்துக்கொண்டன. இத்தாலியர் பாவோலோ என்றனர். இசுபானியர் பாப்லோ என்றனர். உருசியர் பாவெல் என்றனர். ஈப்போவில் கண்டனீசு பேசும் கத்தோலிக்கர் சொல்லும் 'போ லுக்' கூட ஒலியைத் தழுவியதே. போர்த்துகீசியரின் 'பாவ்லோ' பிரேசில் நாட்டின் மிகப்பெரிய நகரமான சாவ் பாவ்லோவின் பெயரில் இருக்கிறது. கல்விச் சுற்றுலாவின்போது மலாக்காவில் மாணவர்கள் ஏறிப் பார்க்கும் குன்றும் இவர் பெயரைத்தான் தாங்கியிருக்கிறது. அதன் உச்சியிலுள்ள ஆலயத்தை 1521இல் கட்டிய போர்த்துகீசியர் அதை மரியன்னைக்கு உரியதாக்கினர். பின்னர் வந்த டச்சுக்காரர்களே அதற்குப் புனித பவுல் ஆலயம் என்று பெயர் சூட்டினர்.

தமிழில் இரண்டு வழிகளும் கையாளப்பட்டன. 16ஆம் நூற்றாண்டில் முத்துக்குளித்துறைக் கரையில் கிறித்தவரான பரதவர்களுக்குப் போர்த்துகீசியப் பெயர்கள் அப்படியே இடப்பட்டன. பர்னாந்து, ரோச் முதலிய பெயர்கள் அங்கே இன்றும் உள்ளன. 1606இல் மதுரைக்கு வந்த இராபர்ட் தெ நொபிலி வேறு வழியைத் தொடங்கினார். உள்நாட்டுத் தமிழரிடையே வாழ விரும்பிய அவர் தமிழும் வடமொழியும் கற்றார். தம் பெயரைத் தத்துவபோதகர் என்று வைத்துக்கொண்டார். அவருக்குப் பின் வந்தவர்களும் அதே நெறியில் நடந்தனர். யோவான் என்ற பெயருக்கு எபிரேயத்தில் 'இறைவன் அருள் கூர்ந்தார்' என்பது பொருள். அதனால் யோவான் அருளப்பர் ஆனார். 1693இல் ஓரியூரில் கொல்லப்பட்ட ஜான் தெ பிரிட்டோவை மக்கள் அருளானந்தர் என்று அறிந்தனர்.

இந்த முறைக்கு மிகச் சிறந்த சான்று, தமிழ் எழுத்துச் சீர்திருத்தத்துக்காகப் பள்ளிப் பாடங்களில் அடிக்கடி பேசப்படும் வீரமாமுனிவர்தாம். இத்தாலியில் 1680இல் பிறந்த அவருடைய இயற்பெயர் கொன்ஸ்தான்சோ பெஸ்கி. 'உறுதியானவர்' என்று பொருள்படும் இலத்தீன் சொல்லிலிருந்து வந்த பெயர் அது. எனவே தமிழ்நாட்டில் அவர் முதலில் தைரியநாதர் எனப்பட்டார். 1726இல் முடிந்த தம் தேம்பாவணிக் காப்பியத்தின் தலைவனான சூசைக்கு அவர் 'வளன்' என்று பெயர் சூட்டினார். யோசேப்பு என்ற எபிரேயப் பெயருக்குப் பெருகுதல் என்று பொருள். வளர்வதும் பெருகுவதும் 'வளன்' என்னும் சொல்லில் அடங்கிவிடுகின்றன. அந்த ஒரு சொல் எவ்வளவு கச்சிதமாக அமைந்திருக்கிறது!

பவுலுஸ் சின்னப்பர் ஆனது இப்படித்தான். 'பவுலுஸ்' சின்ன என்றானது. 'அப்பர்' மதிப்புக் கருதிச் சேர்க்கப்பட்டது. திருநாவுக்கரசரைத் திருஞானசம்பந்தர் 'அப்பர்' என்று அழைத்ததை அறிந்த மக்களுக்கு இந்த ஒட்டு அயலானதாகத் தோன்றியிருக்காது. பாறை என்று பொருள்படும் பேதுரு இராயப்பர் ஆனார். தெலுங்கில் 'ராயி' என்றால் கல். கத்தோலிக்கர்கள் இராயப்பர், சின்னப்பர் என்று இருவரையும் சேர்த்துச் சொல்வார்கள். காட்டில் தவமிருந்த மற்றொரு பவுலை வனத்துச் சின்னப்பர் என்று பிரித்தறிவார்கள். புனிதருக்குச் சின்னப்பர், அவர் பெயரைப் பெற்ற பையனுக்குச் சின்னப்பன்.

ஆனால் சின்னப்பன் என்று பெயருடையவர் எல்லாரும் கிறித்தவர் என்று முடிவு செய்துவிடக்கூடாது. தமிழில் 'சின்னப்பா' என்பது சிற்றப்பாவைக் குறிக்கும் உறவுமுறைச் சொல்லுமாகும். உத்தம புத்திரன், கண்ணகி ஆகிய படங்களில் நடித்த பி. யு. சின்னப்பாவுக்கும், முருக பக்தராய் விளங்கிய திரைப்படத் தயாரிப்பாளர் சாண்டோ சின்னப்பா தேவருக்கும் உரோமையோடு எந்தத் தொடர்பும் இல்லை. அவர்களின் பெயர் முழுக்க முழுக்கத் தமிழ் மண்ணில் முளைத்தது. ஒரே உருவம் கொண்ட இரண்டு பெயர்கள் இரண்டு வேர்களிலிருந்து வந்திருக்கின்றன. பெயரை மட்டும் பார்த்து வேரைச் சொல்ல முடியாது. அந்தக் குடும்பத்தைக் கேட்டுத்தான் அறிய வேண்டும்.

சின்னப்பன்கள் கடல் கடந்து பேராக்கிற்கு வந்தது 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் தொடங்கிய குடியேற்றத்தில்தான். 1877இல் கோலகங்சாரில் இரப்பர்க் கன்றுகள் நடப்பட்டன. அடுத்த நூற்றாண்டின் தொடக்கத்தில் அம்மரம் மாநிலம் முழுவதும் பரவியது. கங்காணிகள் அழைத்து வந்த தொழிலாளர்களுள் கத்தோலிக்கர்களும் இருந்தனர். அவர்களுக்குப் பணி செய்த குருமார்களுள் பலர் பாரிஸ் வெளிநாட்டு மறைபரப்புச் சபையைச் சேர்ந்த பிரெஞ்சுக்காரர்கள். அதே சபையினர் புதுச்சேரியிலும் பணியாற்றியதால் அவர்களுக்குத் தமிழ் புதிதன்று. 1880களில் பாகான் செராயில் தமிழ்க் கத்தோலிக்கர் குடியேற்றம் உருவாக உழைத்த ஃபே என்ற குரு 1896இல் மலாக்காவின் ஆயரானார். பிற்காலத்தில் ஈப்போவில் சிலிபின் லூர்து அன்னை ஆலயம் தமிழ்க் கத்தோலிக்கர் கூடும் இடமாக விளங்கியது.

இங்கே ஒருவருக்கு மூன்று பெயர்கள் அமையும் நிலை ஏற்பட்டது. அக்காலத்தில் ஆலயத் திருமுழுக்குப் பதிவேடுகள் இலத்தீனில் எழுதப்பட்டன. அதில் அவர் பவுலுஸ். பெரட்டுக் களத்தில் கிராணி பெயர் கூப்பிட்டபோது அவர் சின்னப்பன். ஆங்கிலப் பள்ளியில் சேர நேர்ந்தால் அவர் பால். மூன்றையும் அறிந்த பாதிரியாருக்கு இது ஒரே ஆள். தமிழறியாத ஓர் அதிகாரிக்கோ மூன்று ஆள்கள். 1948இல் அவசரகாலம் தொடங்கியபின் மலாயாவில் அடையாள அட்டை கட்டாயமாக்கப்பட்டது. அதன்பின் பெயரும் பிறப்பும் தாளில் ஒத்துப்போக வேண்டியது வாழ்க்கைத் தேவையாயிற்று. பிறப்புப் பத்திரம் இல்லாத தோட்டத்துப் பிள்ளைக்குத் திருமுழுக்குச் சான்றிதழ் ஒன்றே துணையாக இருந்தால், பவுலுஸும் சின்னப்பனும் ஒருவரே என்பதை யாரேனும் எடுத்துச் சொல்லியாக வேண்டும். இங்கே பெயரின் பொருளை அறிவது வெறும் மொழியார்வமாக நின்றுவிடவில்லை. அது குடியுரிமையைத் தொடும் செய்தி.

அடையாள அட்டையில் எழுத்துக்கூட்டலும் சிக்கல்தான். மலேசியாவில் சின்னப்பன் என்ற பெயர் 'எஸ்' என்ற ஆங்கில எழுத்தில் தொடங்கும். தமிழ்நாட்டில் அதே பெயரைப் பெரும்பாலும் 'சி', 'எச்' என்ற இரண்டு எழுத்துகளால் தொடங்குவர். ஊர் உறவுகளைத் தேடுவோர் இதைக் கவனிப்பது நல்லது.

இந்நாளில் சின்னப்பன் என்ற பெயரைப் பிள்ளைகளுக்கு வைப்போர் அரிது. நாகரிக மோகம் மட்டும் காரணமன்று. கத்தோலிக்கர் பயன்படுத்திய பழைய தமிழ் விவிலியங்களில் சின்னப்பர், இராயப்பர், அருளப்பர் என்ற பெயர்கள் இருந்தன. 1995இல் வெளிவந்த பொது மொழிபெயர்ப்பான திருவிவிலியம் எல்லாக் கிறித்தவருக்கும் பொதுவாகப் பவுல், பேதுரு, யோவான் என்ற ஒலிவடிவங்களை ஏற்றுக்கொண்டது. பிரிந்திருந்தவர்கள் ஒரே நூலைப் படிக்க அது உதவியது. அதேவேளையில், ஆலயத்தில் வாரந்தோறும் காதில் விழுந்த 'சின்னப்பர்' மெல்ல மறைந்தார். காதில் விழாத பெயர் குழந்தைக்குச் சூட்டப்படுவதில்லை. லயங்கள் காலியாகி, ஆள்கள் ஈப்போ, பினாங்கு, கிள்ளான் என்று சிதறியபோது, அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்ட அண்டை வீடுகளும் இல்லாமல் போயின. இப்போது அது பெரும்பாலும் 'அனாக் லெலாக்கி' என்பதற்குப் பின்னால், தந்தையின் பெயராகவோ, கல்லறைக் கல்லிலோதான் காணப்படுகிறது.

மீண்டும் அந்த ஈப்போ வீட்டுக்கு வரலாம். பேரனுக்குத் தாத்தாவின் பெயரைத்தான் வைத்தார்கள். ஒலியை மட்டும் மாற்றினார்கள். பள்ளியில் அழைக்க எளிதாக இருக்கும் என்பது பெற்றோர் சொல்லும் காரணமாக இருக்கலாம். வீட்டில் இன்னொரு வசதியும் உண்டு. அந்தத் தலைமுறைப் பெண்கள் கணவரின் பெயரை வாய்விட்டுச் சொல்லமாட்டார்கள். பேரனுக்குச் சின்னப்பன் என்றே பெயரிட்டிருந்தால், பாட்டி அவனைத் 'தம்பி' என்றோ 'ஐயா' என்றோதான் கூப்பிட்டிருப்பார். பால் என்று கூப்பிட அவருக்குத் தடையேதும் இல்லை.