அடிப்பதற்கு முன் பார்

அன்பு மருமகனுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. பள்ளிக்கூடச் சுவரோரம் பாம்பு வந்ததையும், பெரிய வகுப்புப் பையன்கள் அதைக் கம்பால் அடித்துக் கொன்றதையும், எல்லாரும் கைதட்டியதையும் எழுதியிருக்கிறாய். "எல்லாப் பாம்பையும் இப்படிக் கொன்றுவிட்டால் நிம்மதியாக இருக்கலாமே அத்தை?" என்றும் கேட்டிருக்கிறாய்.

ஆளுயர நீளம், மஞ்சளும் பழுப்புமான உடம்பு, பெரிய கண், அடிபட்டபோதுகூடப் படம் எடுக்கவில்லை என்று நீயே எழுதியிருப்பதைப் பார்த்தால் அது சாரை. சாரைக்கு நஞ்சு கிடையாது. வாலால் அடிக்கும், அடித்த இடம் அழுகிப்போகும் என்பதெல்லாம் கட்டுக்கதை. அது அங்கே வந்தது எலியைத் தேடி. மதிய உணவில் மிஞ்சியதைச் சுவரோரம் கொட்டினால் எலி வரும், எலி இருக்கும் இடத்துக்குச் சாரை வரும். இப்போது சாரை செத்துவிட்டது, எலிகள் அங்கேயேதான் இருக்கின்றன. நாளைக்கு அவற்றைத் தேடி நல்ல பாம்பும் வரலாம்.

பாம்புக்குப் பயப்படாதே என்று நான் சொல்ல மாட்டேன். 2000 முதல் 2019 வரை இந்தியாவில் பாம்புக்கடியால் சுமார் 12 லட்சம் பேர் இறந்திருக்கலாம் என்று 2020-இல் வெளிவந்த ஓர் ஆய்வு கணித்தது. இறந்தவர்களில் பெரும்பாலோர் கிராமத்து மக்கள். பயம் நியாயமானதுதான். ஆனால் எதற்குப் பயப்படுவது என்று தெரியாமல் பயந்தால், சாரையை அடித்துக் கொன்றுவிட்டு இருட்டில் வெறுங்காலோடு நடப்போம்.

நம் நாட்டில் 300-க்கும் மேற்பட்ட பாம்பினங்கள் உண்டு. உயிரைப் பறிக்கும் கடிகளில் பெரும்பாலானவை அவற்றில் நான்கு இனங்களுடையவை: நல்ல பாம்பு, கண்ணாடி விரியன், சுருட்டை விரியன், கட்டுவிரியன். முதல் மூன்றும் பெரும்பாலும் முன்கூட்டியே எச்சரிக்கும். நல்ல பாம்பு படம் எடுக்கும். கண்ணாடி விரியன் குக்கர் ஆவி விடுவதுபோல உரக்கச் சீறும். சுருட்டை தன் செதில்களை ஒன்றோடொன்று உரசிச் சத்தம் எழுப்பும். கிட்டே வராதே என்பதுதான் மூன்றுக்கும் பொருள். நீ பின்வாங்கிவிட்டால் அதுவும் தன் வழியே போய்விடும்.

எனக்குக் கவலை கட்டுவிரியனைப் பற்றித்தான். கருத்த உடம்பில் மெல்லிய வெள்ளைக் கட்டுகள் இருக்கும். இரவில் நடமாடும், வீட்டுக்குள்ளும் வரும். தரையில் படுத்திருப்பவர் தூக்கத்தில் புரளும்போது கடித்துவிடும். வலி அதிகம் இருக்காது, பல் பட்ட தடம்கூடத் தெரியாமல் போகலாம். விடியற்காலையில் வயிற்றுவலி வரும், இமைகள் தாமாகச் செருகும். ஏதோ அஜீரணம் என்று கஷாயம் கொடுத்துக்கொண்டிருக்கும் நேரத்தில் உயிர் போய்விடும். ஆகவே கட்டிலில் படு. கட்டில் இல்லையென்றால் கொசுவலை கட்டி, அதன் ஓரங்களைப் பாய்க்கு அடியில் செருகிக்கொள். இரவில் வெளியே போனால் டார்ச் இல்லாமல் போகாதே.

யாரையாவது பாம்பு கடித்துவிட்டால் கீறக் கூடாது, வாயால் உறிஞ்சக் கூடாது, கயிற்றால் இறுக்கிக் கட்டக் கூடாது. மோதிரம், கொலுசு இருந்தால் கழற்றிவிட்டு, கடிபட்ட கையையோ காலையோ அசைக்காமல் வைத்து, 108-ஐ அழைத்து அரசு மருத்துவமனைக்குக் கொண்டுபோக வேண்டும். பாம்பைத் துரத்தி அடித்துக் கையோடு எடுத்துப்போக வேண்டியதில்லை. அந்த நான்கு பாம்புகளின் நஞ்சுக்கும் ஒரே நஞ்சுமுறி மருந்துதான்.

அந்த மருந்து எங்கிருந்து வருகிறது தெரியுமா? பாம்பின் நஞ்சிலிருந்துதான். நஞ்சைச் சிறுகச் சிறுகக் குதிரைக்குச் செலுத்தினால் அதன் ரத்தத்தில் எதிர்ப்புப் பொருள் உருவாகும். அதைப் பிரித்தெடுத்து மருந்தாக்குகிறார்கள். அதற்கான நஞ்சில் பெரும்பகுதியை எடுத்துக் கொடுப்பவர்கள் சென்னைக்குத் தெற்கே வடநெம்மேலியில் இருக்கும் இருளர் பழங்குடி மக்கள். ஒரு காலத்தில் தோலுக்காகப் பாம்பு பிடித்தவர்கள் அவர்கள். 1970-களில் தோல் வியாபாரத்துக்குத் தடை வந்ததும் பிழைப்பு போயிற்று. 1978-இல் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் தொடங்கப்பட்டது. இப்போது பிடிக்கிற பாம்பைக் கொல்வதில்லை. சில வாரங்கள் பானையில் வைத்து நஞ்செடுத்துவிட்டு, மறுபடி காட்டில் விட்டுவிடுகிறார்கள். வளை வாயில் பதிந்த தடத்தையும் உரித்துப்போட்ட சட்டையையும் பார்த்தே உள்ளே இருப்பது என்ன பாம்பு என்று சொல்லக்கூடியவர்கள். அவர்களில் வடிவேல் கோபாலும் மாசி சடையனும் 2017-இல் அமெரிக்காவின் ஃபுளோரிடாவுக்குப் போய், அங்கே பெருகிவிட்ட மலைப்பாம்புகளில் 20-க்கும் மேற்பட்டவற்றைச் சில வாரங்களில் பிடித்துக் கொடுத்தார்கள். 2023-இல் இருவருக்கும் பத்மஸ்ரீ விருது அறிவிக்கப்பட்டது. தம்பி, கைதட்டுவதென்றால் இவர்களுக்குக் கைதட்டு.

சாரையைவிடப் பாவப்பட்ட சில உயிர்களும் உண்டு. அரணை நக்கினால் மரணம் என்பார்கள். அரணைக்கு நஞ்சே இல்லை. மண்ணுளிப் பாம்பு நக்கினால் தொழுநோய் வரும் என்பார்கள், அதுவும் பொய். மழுங்கிய வாலை இன்னொரு தலை என்று நம்ப வைத்து, அந்தச் சாதுவான பிராணியைத் திருட்டுத்தனமாக லட்சக்கணக்கில் விலை பேசுகிறார்கள். ஓணானின் கழுத்து சிவப்பது இனப்பெருக்கக் காலத்தில் ஆண் ஓணான் காட்டும் நிறம். அது யாருடைய ரத்தத்தையும் உறிஞ்சவில்லை. அதற்குச் சுருக்குப் போட்டு இழுத்து விளையாடும் பையன்களைப் பார்த்தால் எனக்கு நெஞ்சு பொறுப்பதில்லை. உன் தெருவிலாவது அது நடக்காமல் பார்த்துக்கொள்.

கவனித்துப் பார்க்கும் பழக்கத்தை நீ பல்லியிலிருந்து தொடங்கு. டியூப்லைட்டுப் பக்கம் ராத்திரியில் எத்தனை பல்லி வருகிறது, எது எந்த மூலைக்குச் சொந்தம் கொண்டாடுகிறது, வால் அறுந்த பல்லிக்குப் புது வால் எப்படி வளர்கிறது என்று ஒரு நோட்டில் எழுதி வை. பார்க்கலாம், எழுதலாம், படம் வரையலாம். தொடக் கூடாது, கல்லைப் புரட்டக் கூடாது, பொந்தில் கைவிடக் கூடாது. மறுபடி பாம்பு வந்தால் எல்லாரையும் தள்ளி நிற்கச் சொல்லிவிட்டு, அது போகும் திசையைத் தூரத்திலிருந்தே பார்த்துக்கொண்டிரு. ஆசிரியரிடம் சொல்லித் தீயணைப்பு நிலையத்துக்குத் தகவல் கொடு.

காலாண்டு விடுமுறைக்கு இங்கே வா. வடநெம்மேலிக்குப் போவோம். 1976-இல் தொடங்கிய முதலைப் பண்ணையும் அங்கேதான் இருக்கிறது. தாய் முதலை தன் குஞ்சுகளை வாயில் கவ்வித் தண்ணீருக்குத் தூக்கிப்போகும், அதைப் பார்ப்பவர்கள் குஞ்சைத் தின்கிறது என்றே நினைத்துவிடுவார்கள். வரும்போது உன் பல்லி நோட்டைக் கொண்டுவா. அங்கே கேட்க வேண்டிய கேள்விகளையும் அதிலேயே எழுதி வை.

அன்புடன்,
உன் அத்தை