நெட்டிலிங்கம் அசோகமரம் அல்ல

பள்ளிக்கூட மதில், மருத்துவமனை வாசல், புது மனைப்பிரிவு என்று எங்கே பார்த்தாலும் ஒல்லியாக, உயரமாக, கிளைகள் தரையை நோக்கித் தொங்க, வரிசை கட்டி நிற்கிறது ஒரு மரம். அதற்கு நம் ஊரில் ‘அசோகமரம்’ என்றே பெயர் நிலைத்துவிட்டது. நர்சரிக்காரரும் அப்படிச் சொல்லியே விற்கிறார், வாங்குகிறவரும் அப்படியே நம்புகிறார். உண்மையில் அது நெட்டிலிங்கம். அசோகு வேறு மரம்.

பெயர் மாறினால் என்ன குடிமுழுகிவிடும் என்று சிலர் கேட்கலாம். இரண்டில் ஒன்றின் பட்டை பெண்களுக்கு மருந்தாகிறது. அதே மரம் காட்டில் அருகியும் வருகிறது. அதனால் இந்தக் குழப்பத்தைத் தீர்த்தே ஆகவேண்டும்.

நம்பிக்கை: இரண்டும் ஒரே இனத்தின் இரு வகைகள்.

உண்மை: இரண்டுக்கும் உறவே கிடையாது. நெட்டிலிங்கம் சீத்தாப்பழக் குடும்பத்தைச் சேர்ந்தது. பாலியால்தியா லாங்கிஃபோலியா என்பது அதன் பழகிய அறிவியல் பெயர். அசோகோ புளி, கொன்றை ஆகியவை அடங்கிய அவரைக் குடும்பத்து மரம். அதன் அறிவியல் பெயர் சராகா அசோகா. இரண்டும் ஆண்டு முழுதும் பசுமை மாறாதவை என்பதைத் தவிரப் பெரிய ஒற்றுமை இல்லை.

ஓர் இலையைக் கையில் எடுத்தாலே வேறுபாடு தெரிந்துவிடும். நெட்டிலிங்கத்தின் இலை தனி இலை. ஈட்டிபோல நீண்டு, பளபளப்பாக, ஓரம் நெளிநெளியாக இருக்கும். அசோகின் இலை கூட்டிலை. ஒரே காம்பில் மூன்று முதல் ஆறு ஜோடிச் சிற்றிலைகள் இருக்கும், ஓரம் நெளியாது. அசோகின் தளிர்தான் இன்னும் அழகு. செம்புநிறத்தில், விறைப்பே இல்லாமல், நனைத்துக் காயப்போட்ட பட்டுத்துணி மாதிரி தொங்கிக்கொண்டிருக்கும். சில நாளில் பச்சை ஏறி நிமிர்ந்துகொள்ளும்.

பூவில் சந்தேகத்துக்கே இடமில்லை. நெட்டிலிங்கத்தின் பூ வெளிர்பச்சை நட்சத்திரம், தொங்கும் கிளையைத் தூக்கிப் பார்த்தால்தான் கண்ணில் படும். அசோகு கிளையிலும் முதிர்ந்த தண்டிலும்கூடக் கொத்துக் கொத்தாகப் பூக்கும். மலரும்போது மஞ்சள் கலந்த ஆரஞ்சு நிறம், நாளாக ஆகச் சிவப்பு. ஒரே கொத்தில் இரண்டு நிறத்தையும் பார்க்கலாம். நாம் இதழ் என்று நினைப்பது இதழே அல்ல, நிறமேறிய புல்லி. அதிலிருந்து மகரந்தத் தாள்கள் நீளமாக வெளியே நீட்டிக்கொண்டிருக்கும்.

நம்பிக்கை: பேரரசர் அசோகர் சாலையோரம் நட்டது அசோகமரத்தைத்தான்.

உண்மை: எதை நட்டார் என்று அசோகரே கல்லில் பொறித்துவைத்திருக்கிறார். இன்று டெல்லி ஃபிரோஸ் ஷா கோட்லாவில் நிற்கும் தூணிலுள்ள ஏழாம் தூண் சாசனம், மனிதருக்கும் விலங்குக்கும் நிழல் தருவதற்காகச் சாலையோரங்களில் ஆலமரங்களை நட்டதையும், மாந்தோப்புகள் அமைத்ததையும், கிணறுகள் வெட்டியதையும் சொல்கிறது.

நம்பிக்கை: சீதை அமர்ந்திருந்தது நம் வீட்டு வாசலில் நிற்கும் இந்த மரத்தடியில்.

உண்மை: அசோகவனம் பெயர் பெற்றது செந்நிறப் பூப்பூக்கும் அசோகால். வால்மீகி இன்னும் நுணுக்கமாகச் சொல்கிறார்: அனுமன் ஒளிந்திருந்து சீதையைக் கண்டது அந்த வனத்தில் இருந்த சிம்சுபா மரத்திலிருந்து. நெட்டிலிங்கத்துக்கு இந்தக் கதையில் இடமே இல்லை. மன்மதனின் ஐந்து மலர் அம்புகளில் ஒன்றும் அசோகம்பூதான். சமணர்கள் அருகதேவனை வைத்து வணங்குவது பிண்டி நிழலில், பிண்டி என்பதும் அசோகே. இத்தனை பெருமையும் ஒரு மரத்துக்குரியது. அதை இன்னொரு மரத்தின் கணக்கில் எழுதிக்கொண்டிருக்கிறோம்.

நம்பிக்கை: எந்தப் பட்டையானாலும் பெண்களின் அதிக உதிரப்போக்குக்கு ஒரே மருந்துதான்.

உண்மை: ஆபத்தான நம்பிக்கை இதுதான். ஆயுர்வேதமும் சித்த மருத்துவமும் மாதவிடாய்க் கோளாறுகளுக்குப் பயன்படுத்துவது சராகா அசோகாவின் பட்டையை. நெட்டிலிங்கப் பட்டையைக் காய்ச்சலுக்குப் பயன்படுத்தும் வழக்கம் சில இடங்களில் உண்டு. ஆனால் அதிலுள்ள வேதிப்பொருள்கள் வேறு. ஒன்றுக்கு மற்றொன்று மாற்றாகாது.

இருந்தும் சந்தையில் அசோகப்பட்டை என்ற பெயரில் நெட்டிலிங்கப் பட்டை கலந்து விற்கப்படுவதை ஆய்வாளர்கள் பலமுறை கண்டறிந்திருக்கிறார்கள். காரணம் எளிது. அசோகு மெதுவாக வளரும், கிடைப்பது அரிது. நெட்டிலிங்கமோ தெருவெங்கும் நிற்கிறது. பட்டை முழுசாக இருந்தால் பழகிய கண் ஓரளவு பிரித்துவிடும். பொடித்துவிட்டால் ஆய்வகச் சோதனைதான் வழி. ஆகவே நாட்டு மருந்துக் கடையில் பொடியாக வாங்கிக் கஷாயம் போடுவதைத் தவிருங்கள்.

நம்பிக்கை: அசோகு இயற்கை மருந்து, யாரும் எவ்வளவு நாளும் குடிக்கலாம்.

உண்மை: அசோகப்பட்டையின் துவர்ப்புக்குக் காரணமான டானின்களும் பிற பொருள்களும் ஆய்வகத்தில் சோதிக்கப்பட்டிருக்கின்றன. ஆனால் பெண்களிடம் பெரிய அளவில் நடந்த தரமான மருத்துவ ஆய்வுகள் போதுமான அளவில் இல்லை. அசோகாரிஷ்டம் பட்டைக் கஷாயத்தை வெல்லத்தோடும் காட்டாத்திப்பூவோடும் சேர்த்து நொதிக்கவைத்துச் செய்வது. நொதிப்பில் தானாகவே சுமார் 5 முதல் 10 சதவீதம் ஆல்கஹால் உண்டாகிறது. சர்க்கரை நோயாளிகளும், கல்லீரல் பாதிப்புள்ளவர்களும், கர்ப்பிணிகளும் தாமாக வாங்கிக் குடிக்கவே கூடாது.

அதைவிட முக்கியமான ஒன்று. அதிக உதிரப்போக்கு நோயின் அறிகுறி. அதன் பின்னால் கருப்பை நார்க்கட்டி, தைராய்டு கோளாறு, ரத்தம் உறைவதில் குறை என ஏதாவது இருக்கலாம். மணிக்கு ஒரு நாப்கின் நனைகிறது, ஏழு நாளுக்கு மேல் நீடிக்கிறது, பெரிய கட்டிகளாக வெளியேறுகிறது என்றால் மருத்துவரைப் பாருங்கள். மாதவிடாய் நின்ற பிறகு ஒரு துளி ரத்தம் பட்டாலும் தாமதிக்காதீர்கள், புற்றுநோய் இல்லை என்று முதலில் உறுதி செய்யவேண்டும். பெயர் தெரிந்த பட்டையை நம்பி மாதக்கணக்கில் காத்திருந்தால், சோகை மட்டுமல்ல, உயிரே ஆபத்துக்குள்ளாகலாம்.

நம்பிக்கை: நெட்டிலிங்கம் வெறும் அழகு மரம், எதற்கும் உதவாது.

உண்மை: தன் பெயரில் அதற்கும் மதிப்பு உண்டு. இது தென்னிந்தியாவுக்கும் இலங்கைக்கும் உரிய மண்ணின் மரம். நேரான தண்டைக் கப்பல்களின் பாய்மரமாக்கினார்கள். அதன் கருநீலப் பழங்களைக் குயிலும் பழந்தின்னி வௌவாலும் தேடி வருகின்றன. கறுப்புச் சிறகில் பச்சைப் புள்ளிகள் கொண்ட டெய்ல்டு ஜே வண்ணத்துப்பூச்சி இதன் இலையில் முட்டையிடுகிறது, புழுக்கள் இலையைத் தின்றே வளர்கின்றன. இரண்டடி இடமே உள்ள மதிலோரத்தில் பசுஞ்சுவர் வேண்டுமென்றால் ஒல்லி வகை நெட்டிலிங்கம் பொருத்தம். ஆனால் ஒல்லி வகைதான் இந்த மரத்தின் இயல்பு என்று எண்ணவேண்டாம். இயல்பான நெட்டிலிங்கம் கிளை விரித்து நல்ல நிழல் தரும். சாலைக்கும் பூங்காவுக்கும் அதையே கேட்டு வாங்குங்கள்.

நம்பிக்கை: அசோகு காட்டு மரம், வீட்டில் வராது.

உண்மை: மேற்குத் தொடர்ச்சி மலையிலும் இலங்கையிலும் ஈரமான ஓடைக்கரைகளில் வளர்வது என்பதால் வறட்சியைத் தாங்காது, அவ்வளவுதான். வளமான மண், தவறாத தண்ணீர், இளமையில் கொஞ்சம் நிழல் ஆகிய மூன்றும் இருந்தால் சமவெளியிலும் நன்றாக வரும். நடுத்தர உயரமே வளர்வதால் வீட்டுத் தோட்டம், கோயில் நந்தவனம், கல்லூரி வளாகம் எல்லாவற்றுக்கும் ஏற்றது. பூக்கச் சில ஆண்டு பொறுக்கவேண்டும்.

இயற்கைப் பாதுகாப்புக்கான பன்னாட்டு ஒன்றியத்தின் சிவப்புப் பட்டியலில் இது அழியும் ஆபத்தை நோக்கிச் செல்லும் இனமாக 1998ஆம் ஆண்டிலேயே இடம்பெற்றுவிட்டது. தண்டைச் சுற்றிலும் பட்டையை உரித்தால் இலையில் தயாராகும் உணவு வேருக்கு இறங்க வழியின்றி மரம் பட்டுப்போகிறது. மருந்துத் தேவைக்குக் காட்டு மரத்தை உரிப்பதை நிறுத்தவேண்டுமானால் நாட்டில் அசோகை நட்டு வளர்ப்பது ஒன்றே வழி.

இந்த மழைக்காலத்தில் ஓர் அசோகு நடுங்கள். வாங்கும்போது நர்சரிக்காரர் சொல்லும் பெயரை விட்டுவிட்டு இலையைப் பாருங்கள். காம்புக்கு ஒரே இலை என்றால் நெட்டிலிங்கம், ஒரே காம்பில் ஜோடி ஜோடியாகச் சிற்றிலை என்றால் அசோகு.